69-க்கும் 70-க்கும் நடுவே

மேஜையின் ஒரு பக்கம் உளவியல் நிபுணர். மறுபக்கம் எட்டு வயதுச் சிறுவன். நடுவில் சில மரக்கட்டைகள், படம் போட்ட அட்டைகள், ஒரு ஸ்டாப் வாட்ச். "நான் சொல்ற நம்பரை அப்படியே திருப்பிச் சொல்லு, பார்க்கலாம்" என்கிறார் நிபுணர். நான்கு எண்கள் வரை பையன் சொல்லிவிடுகிறான். ஐந்தாகும்போது தடுமாறுகிறான். கதவுக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் அம்மாவுக்கு உள்ளே நடப்பது எதுவும் தெரியாது. கடைசியில் அவர் கைக்கு ஒரு காகிதம் வரும். அதில் ஓர் எண் இருக்கும்.

டெல்லியோ மதுரையோ, பெரிய அரசு மருத்துவமனைகளில் அடிக்கடி காணக்கூடிய காட்சி இது. அந்த எண்ணின் பலம் சாதாரணமானதல்ல. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016-ன்படி குறைபாடு 40 சதவிகிதம் அல்லது அதற்கு மேல் இருந்தால்தான் உயர்கல்வியிலும் அரசு வேலையிலும் இடஒதுக்கீடு கேட்க முடியும். வேறு பல சலுகைகளுக்கும் அந்த 40-தான் வாசல்படி. அறிவுசார் குறைபாட்டைக் கணக்கிட மத்திய அரசு 2018-ல் வெளியிட்ட நெறிமுறைகள், அளவுகோலில் 55 முதல் 69 வரை எடுப்பவருக்கு 50 சதவிகிதக் குறைபாடு என்றன. 70 முதல் 84 வரை என்றால் 25 சதவிகிதம். அதாவது 69 எடுத்த குழந்தை உள்ளே. 70 எடுத்த குழந்தை வெளியே.

ஒரு புள்ளி. காய்ச்சலை அளக்கும் தெர்மாமீட்டரில்கூட டாக்டர்கள் இவ்வளவு நம்பிக்கை வைப்பதில்லை. மனதை அளக்கும் கோல் அத்தனை துல்லியமானதா? முதலில், மனதை அளக்க முடியும் என்று சொன்னது யார்?

முடியாது என்றுதான் முதலில் சொன்னார்கள். மனதைப் பற்றிய ஆய்வு கறாரான விஞ்ஞானமாக ஆகவே முடியாது, ஏனென்றால் அதில் கணிதத்துக்கு இடமில்லை என்று 1786-ல் எழுதினார் ஜெர்மானியத் தத்துவவாதி இம்மானுவேல் கான்ட். எடையில்லாத, நீள அகலமில்லாத ஒன்றின் மீது எந்தக் கோலை வைப்பது?

பதில் லைப்ஸிக் நகரத்திலிருந்து வந்தது. அங்கே உடலியல் பேராசிரியராக இருந்த எர்ன்ஸ்ட் வெபர், ஆட்களின் கையில் எடைகளைக் கொடுத்து, எது கனம் என்று கேட்டுக்கொண்டிருந்தார். 40 கிராம் வைத்திருப்பவருக்கு ஒரு கிராம் கூடினால் தெரிகிறது. 400 கிராம் வைத்திருப்பவருக்கு அதே ஒரு கிராம் தெரிவதில்லை. 10 கிராம் கூட்ட வேண்டியிருக்கிறது. மனம் கவனிப்பது எவ்வளவு கூடியது என்பதை அல்ல, எத்தனையில் ஒரு பங்கு கூடியது என்பதை. காய்கறிக்காரர் கால் கிலோ கத்தரிக்காயோடு போடும் கொசுறு கண்ணில் படும். மூட்டையோடு போட்டால் யாருக்கும் தெரியாது.

அதே லைப்ஸிக்கில் இயற்பியல் பேராசிரியராக இருந்தவர் குஸ்தாவ் ஃபெக்னர். வண்ணக் கண்ணாடி வழியாகச் சூரியனைப் பார்த்துச் செய்த சோதனைகளால் கண் கெட்டு, சில ஆண்டுகள் இருட்டறையில் முடங்கிக் கிடந்தவர். 1850 அக்டோபர் 22 காலையில் படுக்கையில் கிடந்தபோது அவருக்கு ஒரு யோசனை உதித்தது. உணர்வை நேரடியாக அளக்க முடியாவிட்டால் என்ன, வெளியே இருக்கும் ஒளியையும் ஒலியையும் எடையையும் அளக்கலாமே. எந்த இடத்தில் வித்தியாசம் 'தெரிகிறது' என்று ஆள் சொல்கிறாரோ அதையே உணர்வின் ஒரு படியாக வைத்துக்கொண்டால்? கணக்குப் போட்டதில் மடக்கை விதி கிடைத்தது. வெளியே தூண்டுதல் ஒவ்வொரு முறை இரட்டிப்பாகும்போதும் உள்ளே உணர்வு ஒரே அளவு படிதான் ஏறுகிறது. 1860-ல் அவர் வெளியிட்ட நூலோடு மனமும் பொருளும் ஒரே சமன்பாட்டில் வந்து உட்கார்ந்தன. அக்டோபர் 22-ஐ இத்துறையினர் இன்றும் ஃபெக்னர் தினமாகக் கொண்டாடுகிறார்கள்.

ஃபெக்னரின் முறையில் ஒரு நேர்மை இருந்தது. அளந்தது இன்னது, ஊகித்தது இன்னது என்று பிரித்துச் சொல்ல முடிந்தது. ஒரு பக்கம் கிராம். மறுபக்கம் மனிதரின் 'ஆமாம்' அல்லது 'இல்லை'. ஆனால் புத்திசாலித்தனத்தை அளக்கக் கிளம்பியவர்களிடம் கிராம் இல்லை. அவர்களிடம் இருந்தது கூட்டம் மட்டுமே.

பாரீஸில் 1904-ல் பிரெஞ்சு அரசு ஒரு குழுவை நியமித்தது. சாதாரண வகுப்பில் பாடம் ஏறாத குழந்தைகளைக் கண்டுபிடித்துத் தனிக் கவனம் தர வேண்டும்; ஆனால் வாத்தியாருக்குப் பிடிக்காத குறும்புப் பையனையும் அந்தக் கணக்கில் தள்ளிவிடக் கூடாது. அந்தக் குழுவில் இருந்த ஆல்ஃப்ரெட் பினே, டாக்டர் தியோடர் சிமோனுடன் சேர்ந்து 1905-ல் எளிதிலிருந்து கடினமாக ஏறும் 30 பயிற்சிகளைத் தயாரித்தார். மூன்றாண்டு கழித்து, எந்தக் கேள்விக்கு எந்த வயதுக் குழந்தைகள் பொதுவாகப் பதில் சொல்கிறார்கள் என்று வரிசைப்படுத்தி 'மன வயது' என்ற கணக்கைக் கொண்டுவந்தார். 1912-ல் ஜெர்மனியின் வில்லியம் ஸ்டெர்ன் மன வயதை உண்மை வயதால் வகுத்தார். 1916-ல் அமெரிக்காவில் லூயிஸ் டெர்மன் அதை 100-ஆல் பெருக்கினார். எட்டு வயதுப் பையனின் மன வயது 6 என்றால் 75. ஐ.க்யூ. பிறந்தது இப்படித்தான்.

இன்றைய சோதனைகள் இந்த வகுத்தலைப் பெரும்பாலும் கைவிட்டுவிட்டன. இப்போது ஒரு வயதுக் குழந்தைகளில் சில நூறு பேரையோ ஆயிரம் பேரையோ முதலில் சோதிக்கிறார்கள். அவர்களது சராசரிக்கு 100 என்று பெயர் வைக்கிறார்கள். மற்றவர்கள் அதிலிருந்து எவ்வளவு தள்ளி நிற்கிறார்கள் என்பதே அவர்களுடைய எண். 70-க்குக் கீழே சுமார் இரண்டு சதவிகிதம் பேர் வரும்படி கோலே அமைக்கப்பட்டிருக்கிறது. ஆகவே இது எடையோ உயரமோ அல்ல. வரிசையில் ஓர் இடம். 140 எடுத்தவர் 70 எடுத்தவரைப் போல இரண்டு மடங்கு அறிவாளி என்று சொல்வதற்கு அர்த்தமே கிடையாது. ஜே.இ.இ. மெயின் தேர்வில் 2019 முதல் பெர்சன்டைல் கணக்கோடு மல்லுக்கட்டிவரும் பெற்றோருக்கு இது எளிதில் புரியும். எண் சொல்வது 'எவ்வளவு' என்பதை அல்ல, 'யாரோடு ஒப்பிட்டால்' என்பதை.

யாரோடு ஒப்பிட்டால் என்ற கேள்வியை மறந்தபோது விபரீதங்கள் நடந்தன. புத்தி என்பது பிறவியிலேயே முடிவாகிவிட்ட, மாறாத அளவு என்ற எண்ணத்தை பினே கடுமையாக எதிர்த்தார். பயிற்சியால் குழந்தை முன்னேறும் என்பதே அவரது கட்சி. 1911-ல் அவர் இறந்தார். அதற்குள்ளாகவே, 1908-ல், அவரது சோதனையை அமெரிக்காவுக்குக் கொண்டுபோயிருந்தார் நியூஜெர்சி மாநிலத்தில் வைன்லேண்ட் என்ற ஊரின் பயிற்சிப் பள்ளியில் ஆய்வு நடத்திய ஹென்றி காடர்ட். அவருக்கு அது உதவி தேவைப்படுபவர்களைத் தேடும் விளக்காக இல்லை. வேண்டாதவர்களைச் சலித்தெடுக்கும் சல்லடையாக இருந்தது. நியூயார்க்கின் எல்லிஸ் தீவில் கப்பலிலிருந்து களைத்து இறங்கிய, ஆங்கிலம் தெரியாத குடியேறிகள் மீதும் அது பிரயோகிக்கப்பட்டது.

1927-ல் அது உச்ச நீதிமன்றம் வரை போனது. வர்ஜினியாவைச் சேர்ந்த கேரி பக் என்ற இளம்பெண்ணின் மன வயது ஒன்பது என்று சோதனை சொன்னது. புத்தி குறைந்த பரம்பரை பெருகக் கூடாது என்று அவருக்குக் கட்டாயக் கருத்தடை செய்ய நீதிமன்றம் அனுமதித்தது. அவர் பள்ளியில் ஒழுங்காகத் தேறி வந்தவர், படிப்பு பாதியில் நிறுத்தப்பட்டவர் என்பது பின்னாளில் ஆராய்ந்தவர்களுக்குத் தெரியவந்தது. குறையுள்ளவள் என்று கைக்குழந்தையாக இருந்தபோதே முத்திரை குத்தப்பட்ட அவரது மகள், பள்ளியில் சிறந்த மாணவர்களின் பட்டியலில் இடம்பெற்றார்.

இந்தியாவுக்கு இந்தத் துறை விரைவாகவே வந்துசேர்ந்தது. கல்கத்தா பல்கலைக்கழகத்தில் 1916-ல் உளவியல் துறை தொடங்கியது. ஹார்வர்டில் பயின்ற நரேந்திரநாத் சென் குப்தா அதற்குத் தலைமையேற்றார். 1924-ல் மைசூரில் துறையைத் தொடங்கியவர் எம்.வி. கோபாலசாமி. எல்லா அறிவுத் திறன்களுக்கும் அடியில் ஒரு பொதுத் திறன் ஓடுகிறது என்று 1904-ல் கணிதத்தால் வாதிட்ட சார்லஸ் ஸ்பியர்மனிடம் லண்டனில் பயின்றவர். (1935-ல் மைசூரில் தன் வீட்டிலிருந்தே வானொலி ஒலிபரப்பி, அதற்கு 'ஆகாஷ்வாணி' என்று பெயர் சூட்டியவரும் இவரே.) பம்பாய் மாகாணத்தின் கன்னட, மராத்தி பேசும் குழந்தைகளுக்காக பினே சோதனையை மாற்றியமைத்த வி.வி. காமத், 1940-ல் அதை நூலாக வெளியிட்டார். பின்னர் நாக்பூரில் ஆர்தர் மாலின், அமெரிக்க வெக்ஸ்லர் சோதனைக்கு இந்திய வடிவம் தந்தார். பல பத்தாண்டுகள் இந்தியக் குழந்தைகளின் புத்தியை அளந்தவை பெரும்பாலும் இந்த இரண்டு கோல்கள்தான்.

முன்னோடிகளின் உழைப்பு பெரியது. ஆனால் சோதனையை மொழிபெயர்ப்பது கதையை மொழிபெயர்ப்பது போன்றதல்ல. கதையில் பொருள் வந்தால் போதும். சோதனையில் கஷ்டமும் அதே அளவில் வர வேண்டும். ஆங்கிலத்தில் ஆறு வயதுக் குழந்தைக்குத் தெரிந்த சொல்லுக்கு நேரான தமிழ்ச் சொல் பத்து வயதில்தான் தெரியவரும் என்றால், பொருள் சரி, சோதனை தவறு. தமிழில் இன்னொரு சிக்கலும் உண்டு. "இவ்விரண்டுக்கும் உள்ள ஒற்றுமை யாது?" என்று கேட்டால் விழிக்கும் குழந்தை, "இது ரெண்டும் எதில ஒரே மாதிரி இருக்கு?" என்றால் பட்டென்று சொல்லும். முதல் கேள்வி அளப்பது புத்தியை அல்ல, பாடப்புத்தகத் தமிழை.

எண்களைத் திருப்பிச் சொல்வது எந்த மொழியிலும் ஒன்றுதானே என்று தோன்றலாம். அதுவும் இல்லை. பிரிட்டனின் வேல்ஸ் பகுதியில், வெல்ஷ் மொழி பேசும் குழந்தைகள் இந்தப் பகுதியில் மட்டும் குறைவாக மதிப்பெண் எடுப்பது ஏன் என்று எல்லிஸ், ஹென்னெல்லி என்ற இரு ஆய்வாளர்கள் ஆராய்ந்து 1980-ல் எழுதினார்கள். காரணம் எளியது. வெல்ஷ் எண்களை உச்சரிக்க அதிக நேரமாகிறது. மனம் ஒரு சில விநாடிகளில் ஓடும் ஒலியைத்தான் பிடித்துவைக்கிறது. உச்சரிப்பு நேரத்தைக் கழித்துப் பார்த்தால் வித்தியாசம் மறைந்துவிட்டது. இனி ஆங்கிலத்தில் ஒன்று முதல் ஒன்பது வரை சொல்லிப் பாருங்கள். 'செவன்' தவிர மற்ற எல்லாம் ஓரசைச் சொற்கள். தமிழிலோ ஆறும் ஏழும்கூட ஈரசை, ஒன்பது மூன்றசை. தமிழில் ஐந்து எண்ணில் தடுமாறும் பையனை ஆங்கில அட்டவணையோடு ஒப்பிட்டால் அவன் தலையில் விழுவது அவன் மொழியின் நீளம்.

தமிழ் எல்லைக்கு வெளியே வளரும் தமிழ்க் குழந்தைக்கு நிலைமை இன்னும் இக்கட்டு. தாராவியில் ஒரு பெண் குழந்தை வீட்டில் தமிழ், தெருவில் இந்தி, பள்ளியில் ஆங்கிலம் பேசுகிறாள். மூன்றிலும் கொஞ்சம் கொஞ்சம் சொற்கள். எந்த மொழியில் சோதித்தாலும் மற்ற இரண்டில் அவளுக்குத் தெரிந்தவை கணக்கில் வராது.

மூன்றாவது சிக்கல் கோலின் வயது. நியூசிலாந்தின் ஜேம்ஸ் ஃபிளின், பழைய அமெரிக்கச் சோதனைக் கணக்குகளைத் தோண்டி 1984-ல் ஒரு விசித்திரத்தைக் காட்டினார். 1932-லிருந்து 1978-க்குள் அமெரிக்கர்களின் ஐ.க்யூ. சுமார் 14 புள்ளிகள் உயர்ந்திருந்தது. அடுத்த மூன்று ஆண்டுகளில் பல நாடுகளின் கணக்கும் அதையே சொன்னது. படிப்பு பரவியது, சாப்பாடு மேம்பட்டது, படங்களையும் புதிர்களையும் பார்த்துப் பழகிய தலைமுறை வந்தது. கூட்டம் முன்னே நகர்ந்துவிட, கோல் பழைய இடத்திலேயே நின்றது. விளைவு, பழைய கோல் எல்லோருக்கும் மதிப்பெண்ணை அள்ளிக் கொடுக்கும்.

கேட்கச் சந்தோஷமான செய்திதான், அந்த பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் அம்மாவுக்குத் தவிர. 1930களின் குழந்தைகளோடு ஒப்பிட்டால் 74 வரும் பையனுக்கு, இன்று அவனோடு வகுப்பில் இருப்பவர்களோடு ஒப்பிட்டால் 66 வரக்கூடும். அவன் போட்டி போட வேண்டியது இன்றைய குழந்தைகளோடு. சான்றிதழ் மறுக்கப்படுவதோ அவனுடைய கொள்ளுத் தாத்தா காலத்துக் குழந்தைகளை வைத்து.

கணிதத்தின் மேல் பழி போடுவது நியாயமா? இல்லை. இந்தக் குறைகள் எல்லாவற்றையும் கண்டுபிடித்துச் சொன்னதும் கணிதம்தான். டென்மார்க்கின் கேயார்க் ராஷ் 1960-ல் தந்த மாதிரியில், ஒருவர் ஒரு கேள்விக்குச் சரியான பதில் சொல்லும் வாய்ப்பு இரண்டே விஷயங்களின் இடைவெளியைப் பொறுத்தது: அவருடைய திறன், கேள்வியின் கடினம். கம்பத்தின் உயரமும் தாண்டுபவரின் கால் பலமும் போல. ஒரே திறன் கொண்ட இரண்டு குழந்தைகளில் ஒரு மொழிக்காரி மட்டும் ஒரு கேள்வியில் தொடர்ந்து தடுக்கி விழுந்தால், கோளாறு குழந்தையிடம் இல்லை, கேள்வியிடம் இருக்கிறது என்று இந்த வழிக் கணக்கு காட்டிக்கொடுத்துவிடும்.

அளவின் பிழையையும் கணிதம் ஒளிப்பதில்லை. அமெரிக்காவின் ஃப்ளோரிடா மாநிலத்தில் ஐ.க்யூ. 70-க்கு மேல் இருந்தால் அறிவுசார் குறைபாடு என்ற வாதத்தையே கேட்காமல் மரண தண்டனை நிறைவேற்றலாம் என்ற விதி இருந்தது. ஹால் என்ற கைதியின் எண் 71. 2014-ல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில், அந்த விதி செல்லாது என்றது. காரணம் சட்டத்தைவிடப் புள்ளியியலிலிருந்து வந்தது. 71 என்பது ஓர் எண் அல்ல. 66-லிருந்து 76 வரை நீளும் ஒரு பட்டை. உண்மை அதற்குள் எங்கோ இருக்கிறது. அதே ஆளை அடுத்த வாரம் சோதித்தால் 68 வரலாம், 73-ம் வரலாம்.

உயிர் போகும் வழக்கில் ஒரு நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட இந்தப் பட்டை, சான்றிதழ் கணக்கில் இருக்கவில்லை. 2018 நெறிமுறைகளில் ஒரு நல்ல மாற்றம் இருந்தது என்பதைச் சொல்லியாக வேண்டும். ஐ.க்யூ. சோதனை நடந்தாலும், சதவிகிதத்தைத் தீர்மானித்தது வைன்லேண்ட் சமூக முதிர்ச்சி அளவுகோல். தானாகச் சாப்பிடுகிறானா, சட்டை பொத்தான் போடுகிறானா, கடைக்குத் தனியாகப் போய் வருகிறானா என்று அம்மாவிடமே கேட்டு அளக்கும் கோல் அது. காடர்ட் இருந்த அதே பயிற்சிப் பள்ளியில் பிற்பாடு எட்கர் டால் உருவாக்கியது. இங்கே நாக்பூர் மாலின் கைவழியே வந்தது. புதிரைவிட வாழ்க்கையை அளப்பது மேல், சந்தேகமில்லை. ஆனால் 69-க்கு 50 சதவிகிதம், 70-க்கு 25 சதவிகிதம் என்ற செங்குத்துப் பள்ளம் அந்தக் கோலுக்கும் வெட்டப்பட்டிருந்தது. அதுவும் கேள்விகளால் ஆன கோல்தான். அதற்கும் ஒரு பட்டை உண்டு. கடைக்குத் தனியாகப் போகிறானா என்ற கேள்விக்கு, தெருமுனையில் கடை இருக்கும் வீட்டுக்கும், ஆறு வழிச் சாலையைத் தாண்ட வேண்டிய வீட்டுக்கும் பதில் வேறு வேறாகத்தானே இருக்கும்.

எங்காவது ஒரு கோடு போட்டுத்தானே ஆக வேண்டும் என்று அதிகாரிகள் கேட்பார்கள். நியாயமான கேள்வி. கோடு இல்லாவிட்டால் சிபாரிசு உள்ளே வரும். ஆனால் கோட்டுக்கு இருபுறமும் ஐந்து புள்ளிக்குள் நிற்பவர்களை இரண்டாம் முறை, இன்னொருவர், குழந்தையின் வீட்டு மொழியில் சோதிப்பது செய்ய முடியாத காரியமல்ல. எந்தச் சோதனை, எந்த ஆண்டின் குழந்தைகளை வைத்து நிர்ணயித்தது, எந்த மொழியில் நடந்தது, பிழை வரம்பு எவ்வளவு என்ற நான்கு விவரங்களை எண்ணுக்குப் பக்கத்தில் எழுதித் தருவதும் அப்படியே. பெற்றோரும் இந்த நான்கையும் தயங்காமல் கேட்கலாம். கேட்பது டாக்டரை அவமதிப்பதாகாது. நல்ல நிபுணர்கள் கேட்காமலே சொல்வார்கள்.

வித்தியாசம் தெரிகிறதா என்று ஃபெக்னர் மனிதர்களைத்தான் கேட்டார். பதிலை அவர்களிடமிருந்தே வாங்கிக் குறித்துக்கொண்டார். 69-க்கும் 70-க்கும் உள்ள வித்தியாசத்தை அந்தச் சிறுவனைத் தினமும் குளிப்பாட்டி, உடுத்தி, பள்ளிக்கு அனுப்பும் அம்மாவிடம் யாராவது கேட்டால், அப்படி ஒன்று இருப்பதாகவே அவருக்குத் தெரியாது. கோப்பில் மட்டும்தான் அது தெரிகிறது.